ஓய்வுக்குப் பிறகு: கனடாவா, காவிரிக்கரையா, குளக்கட்டா?

வருகிற தை மாதம் எனக்கு 60 வயது. 2023 தொடக்கம் இலங்கையில் அரச ஊழியர்களுக்கு அதுதான் கட்டாய ஓய்வு வயது. ஆசிரியையாக முப்பத்தொரு வருடம் பிடித்த வெண்கட்டியை வைத்துவிட்டு வீட்டுக்கு வரவேண்டும். பணிக்கொடையாக ஒரு தொகை மொத்தமாக வரும், பிறகு மாதாமாதம் பென்சன். மூத்தவள் கனடாவில், இளையவன் கிளிநொச்சியில் வேலை. வளவில் நானும் கணவரும்தான். மூன்று நாலு மாதமாக இரவுச் சாப்பாடு முடிந்து விறாந்தையில் இருந்தால் பேச்சு ஒன்றுதான்: இனி நாளை எப்படிக் கழிப்பது, கைக்கு வருகிற காசில் எதைச் செய்வது. இதே கேள்வியோடு வன்னியில் நிறையப் பேர் இருக்கிறார்கள். அதனால் நாங்கள் எடைபோட்டுப் பார்த்ததை எழுதுகிறேன்.

எங்கள் அம்மாவுக்கு இந்தக் கேள்வியே வரவில்லை. வயல், மாடு, பேரப்பிள்ளைகள், வருடத்தில் ஒரு வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கல், அறுவடை முடிந்தால் விடியவிடியக் கூத்து. ஓய்வும் கொண்டாட்டமும் அதற்குள்ளேயே இருந்தன. எங்கள் காலத்தில் அந்த ஒழுங்கு அறுந்துபோயிற்று. 1990களில் போரால் மின்சாரம் இல்லை, தடையால் பற்றரியும் உள்ளே வராது. சைக்கிளை ஸ்ராண்டில் நிறுத்தி ஒருவர் மிதிக்க, டைனமோவிலிருந்து வயர் இழுத்து வானொலி கேட்டோம். மிதிக்கிறவர் களைத்தால் சத்தம் மங்கும், உடனே அடுத்தவர் ஏறுவார். 2009 மே மாதம் போர் முடிந்தபோது எனக்கு 43 வயது. அதன்பிறகு செட்டிகுளத்தில் மெனிக் பாம் முகாம், மீள்குடியேற்றம், தறப்பாள் கொட்டில், இந்திய வீட்டுத்திட்டத்தின் ஐந்தரை இலட்சத்தோடு நகையையும் அடைவு வைத்துக் கட்டிய வீடு, பிள்ளைகளின் படிப்பு. நடுவயது என்று ஒன்று வந்து போனதையே நாங்கள் கவனிக்கவில்லை.

அதனால்தான் 2024 ஆவணி விடுமுறையில் தம்பியோடு திருச்சிக்குப் போனபோது நான் பார்த்தது மனதைவிட்டுப் போகவில்லை. எங்கள் சின்னம்மா 1990இல் படகில் போனவர், அங்கேயே தங்கிவிட்டார். இப்போது 72 வயது. விடிய ஐந்தரைக்கு என்னை எழுப்பிப் பூங்காவுக்குக் கூட்டிப் போனார். அங்கே ஐம்பது, அறுபது, எழுபது வயதுக்காரர்கள் நாற்பது பேராவது இருந்தார்கள். தரையில் எட்டு வடிவத்தில் பாதை போட்டிருக்கிறது. அதில் இருபது நிமிடம் ஒரு பக்கமாகவும் பிறகு மறுபக்கமாகவும் நடக்கிறார்கள். சேலைக்குக் கீழே விளையாட்டுச் சப்பாத்து. நடந்து முடித்து ஒரு மரத்தடியில் வட்டமாக நின்று, கையைத் தூக்கி, வாய்விட்டுச் சிரிக்கிறார்கள். 1995இல் மும்பையில் மதன் கட்டாரியா என்ற மருத்துவர் ஒரு பூங்காவில் ஐந்து பேரோடு தொடங்கிய பழக்கமாம் அது. சின்னம்மா ஒரு நாளும் இப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை. படகேறிப் போன காலத்துச் சின்னம்மாவை எனக்கு நன்றாக நினைவிருக்கிறது.

2011 குடிசன மதிப்பிலேயே இந்தியாவில் 60 கடந்தவர்கள் 10 கோடிக்கு மேல். முன்பு அவர்களுக்குப் பயணம் என்றால் கடைசிக் காலத்தில் ஒரு காசி, ஒரு ராமேஸ்வரம். இப்போது சின்னம்மாவின் கூட்டாளிகள் வருடாவருடம் போகிறார்கள். ரயிலில் ஆண்களுக்கு 40 வீதமும் பெண்களுக்கு 50 வீதமும் இருந்த முதியோர் சலுகை 2020 மார்ச்சில் நின்றுபோனது. அதைப் பற்றிக் குறை சொல்லிக்கொண்டே பயணச்சீட்டு எடுக்கிறார்கள். தமிழ்நாட்டு அறநிலையத் துறை 60 முதல் 70 வயதுவரை உள்ளவர்களை இலவசமாக ஆறுபடை வீட்டுக்குக் கூட்டிப் போகிறது. நல்ல விஷயம்.

சரி, அதை அப்படியே இங்கே கொண்டுவர முடியுமா? முடியாது. அங்கே பூங்காவில் விளக்கு இருக்கிறது, பத்து நிமிடத்துக்கு ஒரு பஸ், தெருமுனையில் வைத்தியர். எங்கள் ஒழுங்கையில் இருட்டினால் யானைக்குப் பயம். ஆனால் பூங்காவோ ரயிலோ அல்ல நான் அங்கே கண்ட பெரிய வித்தியாசம். தங்களுக்கென்று ஒரு மணித்தியாலத்தை எடுத்து வைப்பதற்கு அவர்கள் வெட்கப்படவில்லை.

இனி எங்கள் தெரிவுகளுக்கு வருகிறேன்.

கனடா பற்றி நீண்ட நேரம் யோசிக்கவில்லை. "அம்மா, ரெண்டுபேரும் வந்து ஆறுமாதம் நில்லுங்கோ" என்று மகள் ஒவ்வொரு ஞாயிறும் சொல்கிறாள். பெற்றோருக்கான சூப்பர் விசா எடுத்தால் 2022 ஜூலையிலிருந்து ஒரு தடவையில் ஐந்து வருடம்வரை தங்கலாம். அதற்கு ஒரு இலட்சம் கனடா டொலருக்குக் குறையாத மருத்துவக் காப்புறுதி வேண்டும். சீனி வருத்தமும் பிறசரும் உள்ளவர்களுக்குக் கட்டணம் ஏறும், எனக்கு இரண்டும் உண்டு. ஆனால் காசைவிடப் பெரிய விஷயம் என் மச்சாள் சொன்னது. அவர் கார்த்திகையில் போனார். மகளும் மருமகனும் காலை ஏழரைக்கு வெளிக்கிட்டால் இருட்டின பிறகுதான் வருவார்கள், பேரன் பராமரிப்பு நிலையத்தில். வெளியே பனி. ஜன்னலால் பார்த்து ஒரு நாளில் எத்தனை நாய் போனது என்று எண்ணினாராம். பிள்ளையின் முகத்தைப் பார்க்கப் போகலாம், பேறுகாலத்துக்குக் கட்டாயம் போகவேண்டும், அதுவும் மே தொடக்கம் செப்டம்பர் வரை. பொழுதைக் கழிக்கும் வழியாக அதை எடுக்கக் கூடாது என்பது என் முடிவு. மகள் இதை வாசித்தால் கோபிக்க மாட்டாள், அவளிடம் முதலே சொல்லிவிட்டேன்.

இந்தியப் பயணம்தான் எங்களை ஆசைகாட்டி இழுப்பது. இதில் ஒன்றல்ல, மூன்று நாலு முடிவுகள் அடங்கியிருக்கின்றன.

முதலாவது, ஆட்களைச் சேர்த்துக் கூட்டிப்போகும் ஒழுங்கமைப்பாளரோடு போவதா, தனியாகப் போவதா? என் அக்கா இரண்டு வருடத்துக்கு முன் அப்படி ஒரு குழுவோடு போனார். பதினான்கு நாளில் முப்பதுக்கு மேற்பட்ட கோயில். விடிய மூன்று மணிக்கு எழுப்புதல், இரவு பதினொரு மணிக்கு அடுத்த ஊர் விடுதி. சிதம்பரத்தில் நின்றது அரை மணித்தியாலம். ஏழாம் நாள் முழங்கால் வீங்கி நடக்க முடியாமல் போக, கூட்டிப்போனவர்கள் அவரை விடுதியில் விட்டுவிட்டு மற்றவர்களோடு போய்விட்டார்கள். அக்கா மாலைவரை தெரியாத ஊரில், தெரியாத அறையில், இரண்டு பிஸ்கட்டோடு இருந்திருக்கிறார். கோயில்களின் எண்ணிக்கையைப் பெரிதாகப் போட்டு விளம்பரம் செய்கிறவர்களிடம், ஒரு கோயிலில் எத்தனை மணி நேரம் என்று கேளுங்கள். முடியாமல் போனவரோடு யார் நிற்பார்கள் என்றும் கேளுங்கள். பதில் வராவிட்டால் காசு கட்டாதீர்கள்.

தனியாகப் போவதென்றால் ஒரு ஊரில் தங்கி அங்கிருந்து போய்வருவது நல்லது. திருச்சியில் இருந்தால் ஸ்ரீரங்கமும் திருவானைக்காவும் சமயபுரமும் கைக்கெட்டும் தூரம், தஞ்சாவூர் பெரிய கோயிலுக்குக் காலையில் போய் மாலையில் திரும்பலாம். உறவினர் வீடு இல்லாதவர்கள் ஒரே விடுதியில் ஒரு கிழமை அறை எடுக்கலாம். முழங்கால் நோ உள்ளவர்கள் படியை எண்ணிவிட்டுப் போங்கள்: சுவாமிமலைக்கு 60 படி, அது மெல்ல ஏறிவிடலாம். திருத்தணிக்கு 365 படி. பழனிக்கு அறுநூற்றுக்கு மேல், ஆனால் அங்கே இழுவை ரயிலும் ரோப் காரும் இருக்கின்றன.

அடுத்தது கப்பலா, விமானமா. யாழ்ப்பாணம் பலாலியிலிருந்து சென்னைக்கு 2022 டிசம்பரில் மறுபடி விமானம் ஓடத் தொடங்கியது, 2025 மார்ச் கடைசியில் திருச்சிக்கும் தொடங்கினார்கள். சிறிய விமானம்தான், சென்னைக்கு ஒன்றேகால் மணித்தியாலம் அளவில் எடுக்கிறது. கிளிநொச்சியில் காலைச் சாப்பாடு சாப்பிட்டவர் அங்கே இரவுச் சாப்பாட்டுக்கு உறவினர் வீட்டில் இருக்கலாம். எங்களைப் போன்றவர்களுக்கு இதில் பெரிய ஆறுதல், கொழும்புக்கு முந்நூறு கிலோமீற்றருக்கு மேல் போய்க் கட்டுநாயக்கா விமான நிலையத்தில் இரவு முழிக்கத் தேவையில்லை. காங்கேசன்துறை – நாகப்பட்டினம் கப்பல் 2023 ஒக்டோபரில் தொடங்கிச் சில நாளிலேயே நின்று, 2024 ஆவணியில் மறுபடி ஓடியது. கடல் அமைதியாக இருந்தால் நாலு மணித்தியாலம் அளவு. மாரியில் நிறுத்தி வைப்பார்கள், எனவே கார்த்திகை மார்கழியில் கப்பலை நம்பித் திட்டம் போடாதீர்கள். வேளாங்கண்ணிக்கும் நாகூருக்கும் போகிறவர்களுக்குக் கப்பல்தான் வசதி, இறங்கினால் இரண்டும் பக்கத்தில். வயிறு பிரட்டுகிறவர்களுக்கு விமானம். எதுவானாலும் விசாவை முன்கூட்டியே எடுத்து, மருந்துத் துண்டையும் பயணத்துக்குப் போதுமான குளிசையையும் கைப்பையில் வைத்துக்கொள்ளுங்கள். பெரிய பையில் போட்டால் தேவையான நேரத்தில் கிடைக்காது.

ஆக, போகத்தான் வேண்டுமா? வேண்டும் என்று நினைக்கிறேன். ஆனால் அது பதினைந்து நாள். மிச்சம் முந்நூற்றைம்பது நாளுக்கு அது விடை அல்ல. அக்காவின் கூட்டாளிகள் சிலர் போய்வந்து, படங்களை எல்லாருக்கும் காட்டி முடித்த பிறகு, முன்பிருந்த கதிரையில் முன்பிருந்த மாதிரியே உட்கார்ந்திருக்கிறார்கள்.

மூன்றாவது தெரிவு எங்கள் ஊர் ஆட்களே கண்டுபிடித்தது. மாதத்தில் ஒரு நாள் பன்னிரண்டு பேர் சேர்ந்து ஒரு ஹயஸ் வான் பிடித்து, விடிய வெளிக்கிட்டு இருட்டமுதல் வீட்டுக்கு வருவது. வாடகையைப் பிரித்தால் தலைக்கு வருவது பென்சனில் தாங்கக்கூடிய காசு. நாங்கள் இருவர் இந்தியாவுக்குப் போய்வரும் செலவில் ஒன்றரை வருடத்துக்கு மாதாமாதம் வானில் போகலாம் என்று என் கணவர் கணக்குப் பார்த்தார். திருக்கேதீஸ்வரம், மடு, புலியம்பொக்கணை நாகதம்பிரான், வற்றாப்பளை, முல்லைத்தீவுக் கடற்கரை என்று சுற்ற இடத்துக்குக் குறைவில்லை. சம்பந்தரும் சுந்தரரும் பாடிய திருக்கேதீஸ்வரத்தில் பாலாவித் தீர்த்தக் கரையில் இருந்து கட்டுச்சோறு சாப்பிடுவதற்கு விசா தேவையில்லை. இரவு சொந்தக் கட்டிலில் படுக்கலாம். அறுபதுக்குப் பிறகு அது சின்ன விஷயம் இல்லை.

திருவிழா நாளில் போகாதீர்கள் என்று மட்டும் சொல்வேன். ஆவணி 15 மடுவிலும் வைகாசிப் பொங்கலன்று வற்றாப்பளையிலும் சனம் கடலாக இருக்கும். நேர்த்தி இருந்தால் போகத்தான் வேண்டும், ஆனால் ஆறுதலாக இருக்க விரும்புகிறவர்கள் சாதாரணத் திங்கட்கிழமையில் போக வேண்டும். முள்ளியவளைக் காட்டா விநாயகர் கோயிலில் கடல்நீரில் விளக்கெரியும் கதையை எங்கள் வானில் ஒரு ஐயா சொல்லச் சொல்ல, வன்னியிலேயே பிறந்து வளர்ந்த நாங்கள் முதல்முறை கேட்பவர்கள் போலக் கேட்டுக்கொண்டு போனோம்.

வற்றாப்பளைக்குப் போன அன்று நடந்ததைச் சொல்லவேண்டும். கோயிலுக்குப் பக்கத்தில் நந்திக்கடல். எல்லாரும் இறங்கிவிட்டோம். எங்களோடு வந்த ஒருத்தி இறங்கவில்லை. 2009இல் அந்தத் தண்ணீரைக் கடந்து வந்தவள், வரும்போது இருவரைப் பறிகொடுத்தவள். "நீங்கள் போட்டு வாங்கோ, நான் வானுக்குள்ள இருக்கிறன்" என்றாள். நாங்கள் மூன்று பேர் திரும்பி வந்து அவளுக்குப் பக்கத்தில் ஏறி இருந்தோம். பிளாஸ்கில் இருந்த தேத்தண்ணியை நாலாகப் பிரித்துக் குடித்தோம். யாரும் ஒன்றும் பேசவில்லை. அடுத்த மாத வானுக்கு முதல் பெயர் கொடுத்தவள் அவள்தான். பதினான்கு நாள் குழுப் பயணத்தில் அவளுக்காக வானில் ஏறி இருக்க யாருக்கு நேரம் இருந்திருக்கும்?

நாலாவது தெரிவுக்குக் காசே தேவையில்லை, மனத்தடைதான் பெரிது. குளக்கட்டு நடை. எங்கள் ஊர்க் குளக்கட்டில் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குப் போய்த் திரும்ப நாற்பது நிமிடம் எடுக்கிறது. உலக சுகாதார நிறுவனம் கிழமைக்குக் குறைந்தது 150 நிமிடம் மிதமான உடற்பயிற்சி வேண்டும் என்கிறது. நாலு நாள் நடந்தால் 160 வந்துவிடும். 65 கடந்தவர்களுக்குச் சமநிலைக்கும் தசை வலிமைக்குமான பயிற்சி மூன்று நாள் வேண்டும் என்றும் சொல்கிறார்கள். விழாமல் இருப்பதற்காக அது. அதற்குக் கதிரையிலிருந்து கை ஊன்றாமல் எழும்பி இருந்து பழகுகிறோம், ஒரு காலில் சுவரைப் பிடித்து நிற்கிறோம்.

தொடங்கின முதல் கிழமை ஒழுங்கையில் ஒரு தம்பி கேட்டான்: "ரீச்சர், உங்களுக்கு வீட்டில வேலை இல்லையோ?" மரியாதையாகத்தான் கேட்டான். ஆனால் அடுத்த நாள் எனக்குக் கால் எழவில்லை. ஆண்கள் சந்திக் கடையில் இரண்டு மணித்தியாலம் இருந்து முந்நூற்றிநாலு விளையாடினால் யாரும் அப்படிக் கேட்பதில்லை. ஒரு பெண் காரணமில்லாமல் நடந்தால் ஏன் என்று கேட்கிறார்கள். தனியாக நடந்தால் அந்தக் கேள்வியைத் தாங்க முடியாது. அதனால் நாலு பெண்கள் சேர்ந்தோம். இருவர் கணவனை இழந்தவர்கள், பகல் முழுக்கப் பேச ஆளில்லாதவர்கள். இப்போது ஆறு மாதம். அந்தத் தம்பி தன் தாயையும் சேர்த்துக்கொள்ளச் சொல்லிக் கொண்டுவந்து விட்டான், ஐந்து பேராகிவிட்டோம்.

கவனமும் வேண்டும். நன்றாக வெளிச்சம் வந்த பிறகு போங்கள், யானை போன தடம் இருந்தால் திரும்பிவிடுங்கள். கையில் ஒரு தடி. தண்ணீர் ஓரத்துக்கு இறங்க வேண்டாம், முதலை உண்டு. மாரியில் கட்டு வழுக்கும், அந்த மாதங்களில் பொதுநோக்கு மண்டபத்துக்குள் நடக்கிறோம். சோளகம் வீசும் காலத்தில் விடியக் குளத்தைப் பார்த்தால் நீர் குறைந்து கரை வெளித்திருக்கும், கொக்கும் நாரையும் வரிசையாக நிற்கும். இவ்வளவு காலம் இந்தக் குளத்தை வயலுக்குத் தண்ணீர் வருமா என்று மட்டும்தான் பார்த்திருக்கிறேன்.

இதோடு முதியோர் சங்கமும் சேர்ந்துகொண்டது. 60 ஆனவர்கள் பிரதேச செயலகத்தில் முதியோர் அடையாள அட்டை எடுக்கலாம், கிராம சேவையாளரிடம் கேட்டால் வழி சொல்வார். சங்கம் பல ஊர்களில் பெயருக்குத்தான் இருக்கிறது. எங்கள் ஊரிலும் அப்படித்தான் இருந்தது, கூட்டம் என்றால் உலர் உணவு கொடுக்கிறார்களா என்று கேட்டுத்தான் வருவார்கள். ஒரு மாதம் ஒரு அப்பு கூட்டம் முடிந்த பிறகு, யாரும் கேட்காமலே, தான் இளமையில் ஆடிய காத்தவராயன் கூத்தில் ஒரு பாட்டை எடுத்தார். எண்பது வயது. முதல் அடியில் குரல் உடைந்தது. இரண்டாம் அடியை மண்டபத்தின் பின்னால் இருந்த ஒரு ஆச்சி எடுத்துக் கொடுத்தார். அந்த ஆச்சிக்கு அந்தக் கூத்து தெரியும் என்பது பக்கத்து வளவில் நாற்பது வருடம் இருந்த எங்களுக்கே தெரியாது. இப்போது கூட்டத்துக்கு யாரும் உலர் உணவு கேட்பதில்லை.

என் கணவர் தோட்டத்தையும் ஒரு தெரிவாகச் சேர்க்கச் சொல்கிறார். கத்தரியும் பயிற்றையும் போட்டு, குரங்கு வராமல் காவல் இருப்பது அவருக்கு நிம்மதி தருகிறது, உண்மைதான். நான் அதைக் குறைக்கவில்லை. ஆனால் தோட்டத்தில் அவர் தனியே இருக்கிறார், அதனால் அது குளக்கட்டுக்கு ஈடாகாது என்கிறேன். போனும் அப்படித்தான். மகளின் முகத்தைக் காட்டுகிறது என்பதற்காக அதைக் கும்பிடலாம். ஆனால் இரவு ஏழு மணிக்குக் கையில் எடுத்தால் பத்து மணிக்கு வைக்கிறோம், என்ன பார்த்தோம் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. இரவுச் சாப்பாட்டுக்குப் பிறகு போனை உள்ளே வைப்பதென்று பேசியிருக்கிறோம். விறாந்தைப் பேச்சே அதற்குப் பிறகுதான் தொடங்கியது.

இப்படித்தான் முடிவெடுத்திருக்கிறோம். குளக்கட்டும் சங்கமும் முதலில், அவற்றுக்காக வேறெதையும் விடலாம். மாத வானுக்குப் பென்சனில் ஒரு பங்கு முன்பே எடுத்து வைப்பது. பணிக்கொடையில் பெரும்பகுதி நிலையான வைப்பில், ஒரு சிறு பகுதியில் கழிவறையில் கொமட்டும் பிடிகம்பியும். கனடா, மகளுக்குத் தேவை வரும்போது. இந்தியா இரண்டு மூன்று வருடத்துக்கு ஒருமுறை, மாரி முடிந்து வெயில் ஏறமுதல், மாசியில். திருச்சியில் சின்னம்மா வீடு, பத்து நாள், ஆறு கோயில், அதற்கு மேல் இல்லை.

கடைசியாக இழுபட்டது கப்பலா விமானமா என்பதுதான். நான் விமானம் என்று நின்றேன். என் கணவரை அவருடைய அப்பா பதினைந்து வயதில் தலைமன்னாரிலிருந்து கப்பலில் ராமேஸ்வரம் கூட்டிப் போயிருக்கிறார். அந்தக் கப்பல் 1980களில் நின்றுபோனது, அப்பாவும் இல்லை. "நீர் விமானத்தில போம், நான் கப்பலில வாறன்" என்று அவர் சொன்னபோது அதில் விளையாட்டு இல்லை. "இஞ்சாருங்கோ, போகும்போது ரெண்டுபேரும் விமானம், வரேக்கை ரெண்டுபேரும் கப்பல்" என்றேன். வயிறு பிரட்டினால் இஞ்சி மிட்டாய் வைத்திருக்கிறேன். காங்கேசன்துறையில் இறங்கி, நேரம் பொருந்தினால் ரயிலில் கிளிநொச்சி. வந்த அடுத்த திங்கட்கிழமை விடிய ஆறேகாலுக்குக் குளக்கட்டில் நிற்பேன் என்று மற்ற நாலு பேரிடமும் இப்போதே சொல்லிவைத்திருக்கிறேன்.